நான் வீட்டில் இல்லை

“என் வாழ்நாள்ல ஒரு ஜோக்கைக்கூட நான் விளக்கிச் சொன்னதில்ல. விளக்கினா அது ஜோக்கே இல்ல!” என்று அலுவலகத்தில் மேசையைத் தட்டி முழங்கியவர் நம் மேலாளர். ‘ஒற்றை ஜோக் மனிதர்’ என்ற இனம். வீட்டுக்கு ஒன்று வீதம் தழைத்திருக்கிறது. எனக்கு நன்றாகத் தெரியும், முகச்சவரம் செய்யும்போது தினமும் ஒருவரைப் பார்க்கிறேன்.

மேலாளரின் ஜோக் இதுதான். வாசல் மணி அடிக்கும். உடனே தெருமுனை வரை கேட்கும்படி, “நான் வீட்ல இல்லேன்னு சொல்லிடு!” என்பார். அவ்வளவே. கூரியர்காரர், குழாய் ரிப்பேர் பார்ப்பவர், மைத்துனர், வீடு மாறி வந்து மணியடித்தவர் என்று ஒருவர் பாக்கியில்லாமல் கேட்டாயிற்று. முதலில் சிரித்தார்கள், பிறகு சிரிப்பதுபோல் முகத்தை வைத்துக்கொண்டார்கள், பிறகு அதையும் விட்டுவிட்டார்கள். இவர் விடவில்லை. கல்யாணமான புதிதில் மனைவி ஒருநாள் எரிச்சலோடு, “இல்லாம இருந்தா எவ்வளவு நிம்மதி!” என்று சொல்லப்போக, இவர் விழுந்து விழுந்து சிரித்ததில், அதுவே ஜோக்கின் பின்பாதியாக ஒட்டிக்கொண்டது. இன்று மணி அடித்தால் அந்த அம்மாளின் வாய் தானாகச் சொல்லும். சொன்னது அவருக்கே தெரியாது.

மகள் கட்டிக்கொள்ள விரும்பும் பையனின் பெற்றோர் முதன்முதலாக வீட்டுக்கு வரும் நாள் வந்தது. பையனின் அம்மா பள்ளித் தலைமையாசிரியை. அவர் சிரித்து யாரும் பார்த்ததில்லையாம்.

“அப்பா, இன்னிக்கு ஒரு நாள் மட்டும் அந்தக் கண்றாவியைச் சொல்லாதீங்க. அந்தம்மா முகம் சுளிச்சா எல்லாம் போச்சு.”

“நான் என்ன சின்னக் குழந்தையா?”

மணி அடித்தது. பல்லைக் கடித்துக்கொண்டார். கழுத்து நரம்பு புடைத்தது. வாய் திறக்கவில்லை. என்ன ஒரு தியாகம்! மகள் கதவைத் திறந்தாள். அந்த நேரம் பார்த்து அடுப்படியிலிருந்து கணீரென்று வந்தது:

“இல்லாம இருந்தா எவ்வளவு நிம்மதி!”

மிதியடியில் துடைக்கத் தூக்கிய காலைத் தூக்கியபடியே நின்றார் தலைமையாசிரியை.

உள்ளே வந்து உட்கார்ந்தார்கள். தலைமையாசிரியை கைப்பையை மடியில் இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

“நாங்க வந்தது தொந்தரவோ?”

மகள் அப்பாவைப் பார்த்தாள். விளக்கிவிட்டால் தீர்ந்தது. ஆனால் விளக்குவதா? இவரா? கொள்கை என்னாவது?

மறுபடி மணி. வண்டியை நிறுத்திவிட்டு வந்த பையன். மகள் கண்ணை மூடிக்கொண்டாள்.

“சொல்லித் தொலைங்கப்பா.”

“நான் வீட்ல இல்லேன்னு சொல்லிடு!”

“இல்லாம இருந்தா எவ்வளவு நிம்மதி!” என்றது அடுப்படி.

தலைமையாசிரியை இவரைப் பார்த்தார், அடுப்படியைப் பார்த்தார். தோள் லேசாகக் குலுங்கியது. பிறகு கண்ணில் நீர் வரச் சிரித்தார். “எங்க வீட்லயும் ஒண்ணு இருக்கு” என்று கணவரைக் காட்டினார். கணவர் அடக்கமாகத் தலைகுனிந்தார்.

கல்யாணம் நிச்சயமான மாதிரிதான். நம்மவர் அதோடு எழுந்துபோய்த் தண்ணீர் குடித்திருக்கலாம். குடித்தாரா? நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டு, குரலைத் தாழ்த்தி, “இதுல என்ன வேடிக்கைன்னா சம்பந்தியம்மா, நான் நிஜத்துல வீட்லதான் இருக்கேன். ஆனா...” என்று ஆரம்பித்தார்.

நீங்கள் இந்த இனம் இல்லை என்கிறீர்களா? சந்தோஷம். அடுத்த தடவை வீட்டில் நாலு பேர் எதிரில் வாயைத் திறக்கும்போது, பிள்ளைகளின் உதடு உங்களுக்கு முன்பே அசைகிறதா என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள்.