பதினோரு தடவை செத்தவர்

இலங்கையில் அவரளவுக்கு அழகாகச் செத்த மனிதர் வேறு யாரும் இல்லை. அதுவும் ஒரு தடவை அல்ல, பதினோரு தடவை.

நோட்டன் பிரிட்ஜ் பக்கத்துத் தோட்டத்தில் நான் பள்ளிக்கூட வாத்தியார். அவர் மேல் லயத்து வரிசைவீட்டுக்காரர். ஊருக்கு அவர் 'டெட்பாடி அண்ணன்'. சொந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் அவரே திரும்பிப் பார்க்கமாட்டார். கொழும்பிலிருந்து இளவட்டங்கள் கைக்காசைப் போட்டுப் பேய்ப்படம் எடுக்க எங்கள் மூடுபனியைத் தேடி வருவார்கள். அவற்றில் பேயடித்துச் சாகிறவர், கிணற்றில் மிதக்கிறவர், அலுமாரியைத் திறந்தால் விழுகிறவர் எல்லாம் அண்ணன்தான்.

அதற்கு முன் தேயிலைத் தொழிற்சாலையில் தூள் சலித்துத் தரம் பிரிக்கும் இடத்தில் இருந்தவர். அந்தப் பழக்கம் போகவில்லை; தன் சாவுகளையும் தேயிலைபோலத் தரம் பிரிப்பார்.

"கெணத்துல மெதந்தது பி.ஓ.பி. சேர், வெளிநாட்டுக்கே அனுப்பலாம். அலுமாரியில விழுந்தது வெறும் டஸ்ட்டு."

எழவு வீடுகளுக்கு முதல் ஆளாகப் போவார். பிரேதத்தின் முகத்தருகே குனிந்து அரைமணி நேரம் பார்ப்பார். என்ன பாசம் என்று ஜனங்கள் உருகிப்போவார்கள். திரும்பி வரும்போது என்னிடம், "தாடைய கவனிச்சீங்களா சேர்?" என்பார்.

ஒரு படத்தில், மழையில் தேயிலைச் செடிக்கடியில் பிணமாகக் கிடந்தார். மூக்கோரம் அட்டை கடித்து இரத்தம் வழிந்தது. அசையவில்லை. சிங்கள டைரக்டர் பயந்துபோய், "அய்யே, அய்யே" என்று அண்ணன் முறை சொல்லி உலுக்கினார். "ஷாட்ட கெடுத்துட்டியே மல்லி" என்று சிங்களத்திலேயே தம்பி முறை சொல்லி எழுந்து திட்டினார் அண்ணன்.

இத்தனையையும் பார்க்கவேண்டிய ஆள் மட்டும் பார்க்கவில்லை. பட்டிப்பொலயில் வாழ்க்கைப்பட்ட அவருடைய அக்காதான் அது. தாயில்லாத தம்பியை வளர்த்து, பொறுப்பதிகாரியான டீமேக்கரிடம் கெஞ்சிக் கூத்தாடி அந்தத் தொழிற்சாலை வேலையை வாங்கிக் கொடுத்தவர். தம்பி அதை உதறிவிட்டுப் பிணமாக நடிக்கப் போனதும், "சாவுறதுக்காடா ஒன்னய வளத்தேன்? இனி நீ நெசமா செத்தாலும் நான் வரமாட்டேன்" என்று சொல்லிவிட்டார். நான்கு வருடம் பேச்சில்லை. அண்ணன் ஒவ்வொரு படத்தையும் அவர் போனுக்கு அனுப்புவார். அக்கா திறந்துகூடப் பார்க்கமாட்டார். அதைச் சொல்லும்போது அண்ணனைப் பார்க்க எனக்குக் கஷ்டமாக இருக்கும்.

பதினோராவது படத்தில் அவருக்குப் பெரிய சாவு. சந்தியில் எழவுக்குக் கட்டும் வெள்ளைக் கொடி, அவர் முகம் போட்ட கண்ணீர் அஞ்சலி பேனர் எல்லாம் கட்டினார்கள். மழை பிடித்துக்கொள்ள, படக்காரர்கள் அவசரமாகக் கிளம்பியதில் கழற்ற மறந்துபோனார்கள். இரண்டு நாள் ஊரில் இல்லாத நான், மறுநாள் காலை பஸ்ஸிலிருந்து அதைப் பார்த்தேன். சந்தியிலேயே இறங்கினேன். அழுதுகொண்டே மேட்டில் ஏறிப் போனால், ஆள் ரொட்டியும் கட்டச் சம்பலும் தின்றுகொண்டிருக்கிறார்.

திட்ட வாயெடுக்கிறேன், கீழே பாதையில் ஒப்பாரி கேட்டது. யாரோ பேனரைப் படமெடுத்துப் போனில் பரப்பியிருக்கிறார்கள். த்ரீவீலிலிருந்து இறங்கி, தலைவிரிகோலமாக அக்கா ஏறி வந்துகொண்டிருந்தார்.

"ஐயோ, உசிரோட பாத்தா அக்கா திரும்பிப் போயிருமே சேர்!"

ரொட்டியைப் போட்டுவிட்டு உள்ளே ஓடிப் பாயில் நீட்டி நிமிர்ந்து படுத்துவிட்டார். தடுக்க எனக்கு நேரமில்லை.

அக்கா வந்து அப்படியே மேலே விழுந்தார். "ஏஞ்சாமி, ஒன் படத்துல ஒண்ணக்கூட பாக்கலியே நானு!" என்று தம்பியின் நெஞ்சில் அடித்து அழுதார். மூச்சுக்கூடத் தெரியாத சுத்தமான சாவுதான். ஆனால் அட்டைக்கு அசையாத அந்த முகத்தில், மூடிய கண்ணிரண்டிலிருந்தும் தண்ணீர் வழிந்து காதுக்குள் இறங்கியது.

அக்கா அழுகையை நிறுத்தி உற்றுப் பார்த்தார். விட்டார் ஓர் அறை. பள்ளிக்கூடம்வரை கேட்டிருக்கும். பிறகு பிணத்தை இழுத்து மடியில் போட்டுக்கொண்டு மறுபடி அழுதார்.

"சம்பல் வாயோட சாவுறான் பாருங்க சேர்" என்று முந்தானையால் தம்பியின் வாயைத் துடைத்துவிட்டார்.

அன்று பகல் முழுக்க அக்காவும் தம்பியும் ஒரே போனில் படம் பார்த்தார்கள். அலுமாரிச் சாவு வந்ததும் அக்கா, "இது சரியில்லடா" என்றார். தன் கணிப்பையே அக்காவும் சொன்னதில் அண்ணனுக்குப் பெருமை தாங்கவில்லை.

"இன்னக்கி செத்தது என்ன தரம்ணே?" என்று கேட்டேன்.

"கழிவு சேர்" என்று வீங்கிய கன்னத்தைத் தடவிக்கொண்டு சிரித்தார்.

பேனரைக் கழற்றியாயிற்று. ஆனாலும் பாதையோரம் எங்கே வெள்ளைக் கொடியைக் கண்டாலும் நான் பஸ்ஸில் எழுந்து நின்று முதலில் பேனரிலுள்ள முகத்தைப் பார்க்கிறேன். அது அண்ணன் இல்லை என்று தெரிந்த பிறகுதான் உட்காருகிறேன்.