தொப்பிக்காரர் மூக்கும் கூர்ட்பேன் பரம்பரையும்

'மௌனப் படத்தில் தாத்தாவைத் தேடுவோர்' என்று ஓர் இனம் பிரான்சில் எங்கள் பர்கண்டித் திராட்சைத் தோட்டங்களில் உண்டு. நூறாண்டுக்கு முந்திய நாலு நிமிஷத் துண்டுப் படம் கிடைத்தால் போதும். அதில் தெரிவது எந்தச் சரிவு, எந்த மாதிரிக் கூடை, வண்டி இழுத்தது குதிரையா மாடா என்றெல்லாம் ஆவணக்காரர்கள் கண் பூத்துக் குறித்துக்கொண்டிருக்க, இவர் மட்டும் திரைக்கு ஒரு சாண் தூரத்தில் நின்று, "அதோ, எங்க தாத்தா!" என்பார். எல்லாப் படத்திலும்.

எவரிஸ்ட் கூர்ட்பேனைப் பாருங்கள். 1909 அறுவடைப் படத்தில் தொப்பியும் கைத்தடியுமாக நிற்கும் முதலாளி தன் தாத்தாதான் என்பது அவர் கட்சி. சாட்சி? மூக்கு. கூர்ட்பேன் மூக்கு ஊரறிந்தது; ஆள் வருமுன் அது வந்துவிடும். தாத்தா முதலாளி என்றால் படத்திலுள்ள தோட்டமும் பரம்பரைச் சொத்துதானே? அதை ஊர் ஏட்டில் எழுதவைத்துவிட்டால் நிம்மதியாகக் கண்ணை மூடலாம். அதுவரை பொறுக்காமல், ஒயின் புட்டிகளிலெல்லாம் தொப்பிக்காரர் படத்தை ஒட்டியும் விட்டார்.

போன ஞாயிறு ஊர் மண்டபத்தில், ஆவணக் காப்பாளர் சொலாஞ்ஜ் அந்தப் படத்தைக் கீறல் நீக்கித் துலக்கிப் போட்டுக் காட்டினாள். தொப்பிக்காரர் கையை இறக்கினார். மூக்கும் கூடவே இறங்கியது. அவர் அதுவரை முகர்ந்துகொண்டிருந்த திராட்சைக் குலை அது! ஒரு பழத்தைப் பிய்த்து வாயில் வேறு போட்டுக்கொண்டார்.

"அடப்பாவமே, உங்க தாத்தா தன் மூக்கையே திங்கறாரு!" என்றாள் பக்கத்துத் தோட்டத்து ஓதில்.

"சும்மா இரு ஓதில். தாத்தா பின்னாடி எங்கயாவது இருப்பாரு." எவரிஸ்ட் திரையோடு மூக்கை ஒட்டிக்கொண்டு தேடினார்.

இருந்தார். கொடியில் ஒரு குலையைப் பறிக்காமல் விட்டவன் முகத்தில் அதையே பிழிந்து பூசுவது எங்கள் அறுவடை வழக்கம். ஆறு பெண்கள் ஒரு கூலியாளைத் துரத்தினார்கள், பிடித்தார்கள், பூசினார்கள். கண் தெரியவில்லை. வாய் தெரியவில்லை. மூக்கு மட்டும் தெரிந்தது.

மண்டபமே எவரிஸ்டைத் திரும்பிப் பார்த்தது.

"ஏட்டுல என்னன்னு எழுதட்டும், முசியே?" என்றாள் சொலாஞ்ஜ்.

அவமானமாகத்தான் இருந்தது. அரை நிமிஷம். பிறகு நெஞ்சை நிமிர்த்தினார்: "எழுதும்மா! தொப்பிக்காரன் சும்மாதானே நின்னான்? படம் பூரா நடிச்சது எங்க தாத்தா!"

இப்போது புட்டிகளில் சாறு வழியும் முகம். நன்றாக விற்கிறதாம்.

சிரியுங்கள், சிரியுங்கள். கல்யாண ஆல்பம் கைக்கு வந்ததும், பெண்ணையும் மாப்பிள்ளையையும் தள்ளிவிட்டு, பந்தியின் கோடியில் வாய் நிறையச் சோற்றோடு இருக்கும் ஓர் ஆளைத் தேடுவது யாரென்று எனக்குத் தெரியாதா?