தொடர்ச்சியற்ற காலமும் ஒரு தற்காலிக விரிவுரையாளரும்

ஒரு மனிதர் தன் வேலை நிரந்தரமாக வேண்டும் என்று ஆசைப்படுவதில் தவறொன்றும் இல்லை. அதே மனிதர், காலமே தொடர்ச்சியானதல்ல என்று கட்டுரை எழுதித் தொலைத்திருந்தால்தான் வம்பு.

நம் இயற்பியல் விரிவுரையாளர் எழுதித் தொலைத்திருந்தார். வெளியும் காலமும் இழுத்த நூலாக நீள்வதில்லை. சர்க்கரை மாதிரி குருணை குருணையாகக் கிடக்கின்றன. ஒரு குருணைக்கும் அடுத்ததற்கும் நடுவே ஒன்றுமே கிடையாது என்பது அவருடைய குவாண்டம் கோட்பாடு. உலக விஞ்ஞானிகள் அதைச் சீண்டக்கூட இல்லை. வீட்டில் மனைவி முதல் பக்கத்திலேயே கொட்டாவி விட்டாள். மனிதர் அசரவில்லை. என்றாவது வரப்போகும் உலகப் பரிசுக்காகக் கண்ணாடி முன்னால் நின்று ஏற்புரை பழகிக்கொண்டிருந்தார்.

"அந்தப் பரிசு கிடக்கட்டும். இன்னிக்கு நிரந்தர உத்தரவு இல்லாம வீட்டுக்கு வராதீங்க. எட்டு வருஷமா 'தற்காலிகம்'னு சொல்லிச் சொல்லி எனக்கு வாய் வலிக்குது" என்று மனைவி விரட்டினாள்.

பல்கலைக்கழகப் பதிவாளர் எழுந்து நின்று வரவேற்றார். அப்போதே விரிவுரையாளருக்குச் சந்தேகம் தட்டியது.

"நிரந்தரம் ஆகணும்னா அஞ்சு வருஷம் தொடர்ச்சியா வேலை பார்த்திருக்கணும் சார்."

"எட்டு வருஷம் பார்த்திருக்கேனே! ஒரு நாள் கூட லீவு போடலியே!"

"லீவு பிரச்சினையே இல்ல. உங்க கட்டுரையை நிரந்தரம் பண்ற கமிட்டி படிச்சுது. ரெண்டு குருணைக்கு நடுவுல காலமே இல்லேன்னு எழுதியிருக்கீங்க. காலமே இல்லாதப்ப நீங்க எப்படி வேலையில இருந்திருப்பீங்க?" பதிவாளர் தொண்டையைச் செருமிக்கொண்டு வாசித்தார்: "'மேற்படியாரின் பணிக்காலத்தில் கணக்கிலடங்கா முறிவுகள் உள்ளமை கண்டறியப்பட்டுள்ளது.'"

"அப்படிப் பார்த்தா உங்க சர்வீஸும் துண்டு துண்டுதானே?"

"அது எங்களைக் கட்டுப்படுத்தாது சார். கோப்பு நகர்ந்தாத்தானே காலம் நகரும்? இங்க எதுவும் நகர்றதில்ல." பெருமையாகவே சொன்னார்.

ஆனாலும் நல்ல மனிதர். வழியும் காட்டினார். "'என் கோட்பாடு தப்பு'ன்னு ஒரு வரி எழுதிக் கையெழுத்துப் போடுங்க. உத்தரவைக் கையோட வாங்கிட்டுப் போகலாம்."

விரிவுரையாளர் பேனாவைத் திறந்தார். மனைவியின் முகம் கண்முன் வந்து நின்றது. 'என்' என்று எழுதியும்விட்டார். பிறகு ஏதோ உறைத்தது.

"அப்போ... என் கோட்பாடு சரின்னு கமிட்டி ஒத்துக்கிட்டுதா?"

"ஏகமனதா."

"ஒருத்தர்கூட எதிர்க்கலியா?"

"எதுக்கு எதிர்க்கணும்? மத்த தற்காலிகங்களுக்கும் இதையேதான் அமல்படுத்தப் போறோம்."

விரிவுரையாளருக்குக் கண் கலங்கிவிட்டது. பேனாவை மூடிச் சட்டைப் பையில் செருகிக்கொண்டார்.

"அதைக் கொஞ்சம் எழுத்துல குடுக்க முடியுமா சார்?"