அசையாத மச்சான்

நேற்று எடுத்த படங்களைக் கொண்டு கணினியில் உருவான முப்பரிமாண அலுவலகத்தில் மேசைகள் இருந்தன, நாற்காலிகள் இருந்தன, தண்ணீர் கேன்கூட இருந்தது. மனிதர்களில் மச்சான் ஒருவர்தான் இருந்தார். வாயைத் திறந்தபடி தூங்கிக்கொண்டிருந்தார்.

புரோகிராமருக்குத் தூக்கிவாரிப் போட்டது. மச்சான் என்றால் சும்மாவா? மனைவியின் அண்ணன், இந்த ஆபீசின் மேனேஜர், அவனுக்கு இந்த வேலையை வாங்கிக் கொடுத்த புண்ணியவான். மத்தியானம் முதலாளி வந்து இதைத்தான் பெரிய திரையில் பார்க்கப் போகிறார். பார்த்தால் மச்சானுக்கு வேலை போகும். அது போனால் வீட்டில் அவனுக்குச் சோறு போகும்.

"மத்தவங்கல்லாம் எங்கண்ணா?" பக்கத்து சீட் டிசைனர் கேட்டாள். "நேத்து பூரா சுத்திச் சுத்திப் படம் எடுத்தீங்களே."

"பண்டில் அட்ஜஸ்ட்மென்ட்னா அப்படித்தாம்மா. எல்லாப் படத்தையும் ஒண்ணோட ஒண்ணு ஒத்துப்போக வைக்கிற கணக்கு. ஒரு படத்துல இங்க, இன்னொண்ணுல அங்கன்னு இருந்தா தப்புன்னு தூக்கிப் போட்டுடும். அசையாததுதான் நிக்கும்."

அவள் திரையை உற்றுப் பார்த்தாள்.

"செவுரே கொஞ்சம் மங்கலா இருக்கு. இவர் பளிச்சுன்னு இருக்காரே."

மச்சான் தெரிகிற படங்களையெல்லாம் நீக்கிவிட்டு மறுபடி ஓட்டினான். பழைய மென்பொருள் லைப்ரரியாக இருந்தால் விடிய விடிய முக்கி முனகியிருக்கும். கிராபிக்ஸ் கார்டில் ஓடும் புது லைப்ரரி, அவன் கொட்டாவி விட்டு முடிப்பதற்குள் வேலையை முடித்தது. ஆனால் திரையில் கூரை இறங்கி வந்து தரையில் உட்கார்ந்திருந்தது.

"அவரை நம்பித்தான் ஆபீசே நின்னிருக்கு," என்றாள் டிசைனர்.

படங்களைத் திரும்பச் சேர்த்தான். துளி சந்தேகம் வந்தாலும் படத்தில் அந்தப் புள்ளியைத் தூக்கிவிடு என்று கணினியிடம் கெடுபிடி செய்தான். மேசை போனது, சுவர் போனது, மச்சானின் நாற்காலியும் போனது. கிணறு வெட்டப் பூதம் கிளம்பிய கதையாக, வெட்ட வெளியில் மச்சான் மட்டும் உட்கார்ந்த வாக்கில் மிதந்தார்.

வாசலில் முதலாளியின் கார் வந்து நிற்கும் சத்தம் கேட்டது.

"மொதல்ல வந்ததையே போடுங்க," என்றாள் டிசைனர். "வாயை மூடி, கண்ணைத் திறந்த மாதிரி வரைஞ்சு தரேன்."

வரைந்தாள். மச்சான் இப்போது கண் கொட்டாமல் கம்ப்யூட்டரைப் பார்த்துக்கொண்டிருந்தார். கல்யாண ஆல்பத்தில்கூட அவர் இவ்வளவு லட்சணமாக இல்லை.

முதலாளி தன் கணக்காளரோடு வந்து உட்கார்ந்தார். மொத்த ஆபீசும் பின்னால் கூடி நின்றது. நிஜ மச்சான் தூக்கம் கலைந்து, திரையில் தன்னையே பார்த்துத் திகைத்துப் போயிருந்தார்.

"இது எப்போ எடுத்தது?" என்றார் முதலாளி.

"நேத்து காலையிலேர்ந்து சாயந்தரம் வரைக்கும் சார்," என்றான். தப்பித்த சந்தோஷம் அவன் நாக்கை அவிழ்த்துவிட்டது. "நாள் பூரா ஒரே இடத்துல இருந்தது மட்டும்தான் இதுல தெரியும். கணக்கு பொய் சொல்லாது சார்."

முதலாளி காலி நாற்காலிகளை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே வந்தார்.

கணக்காளர் தொண்டையைச் செருமினார்.

"அப்போ சீட்ல உக்காந்து வேலை பார்த்தது மேனேஜர் ஒருத்தர்தான் சார். மத்தவங்களை வீட்டுக்கு அனுப்பிடலாம், முதல்ல நாள் பூரா கேமராவோட சுத்தின இவரை."