நான் மதராக்கிய ஸ்வீடன் அம்மா

அரைகுறையாக இங்கிலீஷ் தெரிந்தவரைப் போல ஆபத்தான ஆள் உலகத்தில் கிடையாது. சுத்தமாகத் தெரியாதவர் வாயைத் திறக்க மாட்டார். நன்றாகத் தெரிந்தவர் சந்தேகம் வந்தால் கேட்டுவிடுவார். நடுவில் நிற்பவர்தான் மைக்கைப் பிடிப்பார். நான் பிடித்தேன்.

அப்போது தூத்துக்குடி துறைமுகத்துக்குப் பக்கத்தில் ஒரு கிளியரிங் ஏஜென்ட் ஆபீசில் எனக்கு வேலை. நாள் முழுக்கக் கொழும்புக்கும் துபாய்க்கும் இங்கிலீஷில் மெயில் அனுப்புவேன். என் மெயிலைப் படித்துப் பயந்துதான் அவர்கள் சரக்கை விடுவிக்கிறார்கள் என்று நம்பிக்கொண்டிருந்தேன். (ஒன்றும் புரியாமல் விட்டிருப்பார்கள் என்று இப்போது தோன்றுகிறது.)

நாங்கள் சரக்கு ஏற்றி அனுப்பிய தோணி ஒன்று நடுக்கடலில் என்ஜின் பழுதாகி, காற்றின் போக்கில் வேறொரு நாட்டின் எல்லைக்குள் போய்விட்டது. அதில் இருந்த அத்தனை பேரையும் பிடித்துச் சிறையில் போட்டுவிட்டார்கள். மாதக்கணக்காக மனு மேல் மனு. பதிலே இல்லை. அப்போதுதான் எங்கள் முதலாளி அண்ணாச்சி ஒரு சேதி சொன்னார்.

"ஸ்வீடன்ல இருந்து பிரிட்டான்னு ஒரு அம்மா வாராவ. இப்பிடி மாட்டுன ஆளுவள வெளிய எடுத்து விடுதாவளாம். குடும்பத்துக்காரங்க நேர்ல சம்மதம் சொன்னாத்தான் அவங்க போய்ப் பேச முடியுமாம். இன்னைக்கிச் சாயங்காலமே அவங்க திரும்பப் பிளேன் ஏறணும்."

மொழிபெயர்க்க வருவதாக இருந்த திருநெல்வேலிப் பேராசிரியருக்குக் காய்ச்சல். அண்ணாச்சி என்னைப் பார்த்தார்.

"ஏளா, நீதான் தெனம் இங்கிலீஷ்ல சண்ட போடுதியே. வாரியா?"

"வாரேன் அண்ணாச்சி." அவர் கேட்டு முடிப்பதற்குள் நான் எழுந்து நின்றுவிட்டேன்.

அந்த அம்மா யார், என்ன வேலை பார்த்தவர் என்று ஒரு வார்த்தை விசாரிக்கவில்லை. (அவர் ஓய்வுபெற்ற தூதர். தோணிக்காரர்களைப் பிடித்து வைத்திருந்த அதே நாட்டில் நெடுங்காலம் இருந்தவர். இது காய்ச்சலில் படுத்திருந்த பேராசிரியருக்குத்தான் தெரியும், அண்ணாச்சிக்கும் தெரியாது.)

கடற்கரையை ஒட்டிய வலைக்கூடத்தில் கூட்டம். தோணிக்காரர்களின் மனைவிகள், தாய்மார்கள், பிள்ளைகள். பெரும்பாலும் கத்தோலிக்கக் குடும்பங்கள். முன் வரிசையில் சந்தனமேரி அக்கா. தோணியை ஓட்டிப்போன தண்டலின் மனைவி. அழுது ஓய்ந்த முகங்களுக்கு நடுவில் அழவே அழாத ஒரே முகம் அவருடையது.

பிரிட்டா வந்தார். வெள்ளைச் சட்டை, சாம்பல் நிறப் பாவாடை, கட்டையாக வெட்டிய நரைமுடி, கழுத்தில் மெல்லிய வெள்ளிச் சங்கிலி. "உங்களிடம் எதையும் கேட்பதற்கு முன்னால் நான் யார் என்று சொல்லிவிடுகிறேன்" என்று இங்கிலீஷில் தொடங்கினார். வட ஸ்வீடனில் ஒரு மீன்பிடி ஊரில் பிறந்தவர். அப்பா படகு பழுதுபார்ப்பவர். டைப்பிஸ்டாக வேலைக்குச் சேர்ந்து படிப்படியாக மேலே வந்தவர். அதுவரை நான் ராணி மாதிரி மொழிபெயர்த்தேன்.

"வாழ்நாள் முழுக்க மிஷன்களில் பணியாற்றினேன். மூன்று நாடுகளில் ஹெட் ஆஃப் மிஷன்."

எங்கள் ஊரில் மிஷன் என்றால் மிஷன் ஸ்கூல், மிஷன் ஆஸ்பத்திரி. தூதரகத்துக்கும் அந்தப் பெயர் உண்டு என்று எனக்கு யார் சொன்னார்கள்?

"இவங்க காலம் பூரா மிஷன்ல ஊழியம் பண்ணுனவங்க. மூணு நாட்டுல மதர் சுப்பீரியரா இருந்திருக்காங்க!"

கூட்டம் மொத்தமும் எழுந்து நின்றது. "தோத்திரம் மதர்!" என்று ஒரே குரல். யாரோ ஒரு பெண் கைக்குழந்தையை பிரிட்டாவின் மடியில் வைத்தாள். ஒரு பெரியவர் தலையைக் குனிந்துகொண்டு முன்னால் வந்தார். பிரிட்டா கொஞ்சம் திகைத்தார். ஆனாலும் அந்தத் தலையில் கையை வைத்தார். வேலை பார்த்த நாடுகளில் எத்தனையோ வழக்கங்களைப் பார்த்திருப்பார், இதையும் அப்படி எடுத்துக்கொண்டிருப்பார்.

பிறகு சிரித்துக்கொண்டே, "முதல்முறை எனக்கு வெளிநாட்டில் பொறுப்பு கிடைத்தபோது, நானா வேலையா என்று கேட்டார் என் கணவர். வேலை என்றேன்" என்றார்.

மதருக்கு ஏது கணவர்? அந்த இடத்தில் நிறுத்தி, "மேடம், ஒரு சந்தேகம்" என்று கேட்டிருந்தால் இந்தக் கட்டுரையே இல்லை. ஆனால் விடக்கூடாது என்று ஒரு வெறி. கன்னியாஸ்திரிகள் ஆண்டவரைத்தான் மணவாளனாக ஏற்கிறார்கள் என்று பள்ளியில் ஒரு சிஸ்டர் சொன்னது ஞாபகம் வந்தது. ஆகா, கிடைத்துவிட்டது!

"ஆண்டவர் இவங்ககிட்ட 'நானா, வேலையா'ன்னு கேட்டாராம். இவங்க வேலைன்னுட்டாங்க."

ஒரு ஆச்சி சிலுவை போட்டுக்கொண்டார்.

"அப்புறம் ஒரு நார்வேக்காரரை மணந்தேன். முதல் ஆளைவிட எவ்வளவோ நல்லவர்" என்றார் பிரிட்டா.

தண்ணீருக்குள் இறங்கியாயிற்று, நீந்தித்தானே ஆக வேண்டும்?

"பொறவு... நார்வே நாட்டு ஆண்டவர ஏத்துக்கிட்டாங்க. அவரு முந்துன ஆண்டவர விடத் தங்கமானவராம்."

ஆசீர்வாதம் வாங்கிய பெரியவர் தலையைத் துடைத்துக்கொண்டார். "ஏளா, என்னளா சொல்லுத? மொத்தம் எத்தன ஆண்டவரு?"

"இது வேற சபை! மதம் மாத்த வந்திருக்கு!" என்று பின்னாலிருந்து ஒரு குரல். மடியில் இருந்த குழந்தை பிடுங்கப்பட்டது. நாற்காலிகள் இழுபட்டன. கூட்டம் வாசலைப் பார்த்து நடந்தது. "என்ன ஆயிற்று?" என்று பிரிட்டா என்னைக் கேட்டார். "எமோஷனல், மேடம்" என்றேன். அண்ணாச்சி என்னைப் பார்த்த பார்வைக்கு மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை.

சந்தனமேரி அக்கா மட்டும் அசையவில்லை.

"அந்தம்மா எந்தச் சபையா இருந்தா எனக்கென்ன? எம் மாப்ளய வெளிய எடுக்க முடியுமா, முடியாதா? அத மட்டும் கேளு. ஒரு வார்த்த கூட்டாத, கொறைக்காத."

கேட்டேன். பிரிட்டா அக்காவையே பார்த்துப் பதில் சொன்னார். "விடுதலை உத்தரவு போட வேண்டிய அதிகாரியை அவர் சின்னப் பதவியில் இருந்த நாளிலிருந்து எனக்குத் தெரியும். அங்கே நான் ஸ்வீடனின் அம்பாசிடராக இருந்தேன். அவர் பதில் சொல்லும்வரை அவர் அறை வாசலில் உட்கார்ந்திருப்பேன். எழுந்து போக மாட்டேன்."

அம்பாசிடர். அந்த ஒரு சொல்லில் என் காது இரண்டும் சூடாகிவிட்டது. மிஷன் எது, மணவாளன் யார் எல்லாம் ஒரே நொடியில் விளங்கியது. ஓடிப்போய் ஒளிந்துகொள்ள நல்ல நேரம். ஆனால் அக்காவின் முகம் எதிரே இருந்தது. எப்படியும் அத்தனை பேரையும் திரும்பக் கூட்டி வந்தே தீருவது என்று தெருவுக்கு ஓடினேன். கவிழ்த்துப் போட்டிருந்த வள்ளத்தின் மேல் ஏறி நின்று கத்தினேன்.

"போவாதிய! அவங்க மதர் இல்ல! தூதர்!"

பெரியவர் திரும்பினார். "மொதல்ல மதருன்னா. இப்ப சம்மனசுங்கா!" (சம்மனசு என்றால் அந்தக் கரையில் வானதூதர்.)

"அந்தத் தூதர் இல்ல தாத்தா! கவர்மென்ட்டுத் தூதர்! ஒரு நாட்டு அரசாங்கம் இன்னொரு நாட்டுக்கு அனுப்புற ஆளு! ரெண்டு கல்யாணம் பண்ணுனவங்க! ரெண்டு பேருமே மனுசங்கதான்! தப்பு பூரா எம்மேலதான்!"

முதலில் ஒரு பெண் சிரித்தாள். பிறகு எல்லாரும். பல மாதங்களாக அந்தத் தெருவில் யாரும் அப்படிச் சிரித்திருக்க மாட்டார்கள். சிரித்துக்கொண்டே கூடத்துக்குத் திரும்பினார்கள்.

உள்ளே போய் பிரிட்டாவிடம் நடந்ததை ஒன்று விடாமல் சொன்னேன். கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைக்கும்வரை சிரித்தார். "இதை என் முதல் கணவரிடம் சொல்ல வேண்டும். அவர் தன்னைக் கடவுள் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தார்" என்றார். பிறகு தன் வாழ்க்கையை, வட ஸ்வீடனில் பிறந்ததிலிருந்து, மறுபடியும் சொன்னார். இந்தத் தடவை ஒவ்வொரு சொல்லையும் கேட்டுக் கேட்டு மாற்றினேன். சாயங்காலத்துக்குள் எல்லாக் குடும்பங்களும் சம்மதம் சொல்லிவிட்டன.

சொன்னபடியே அவர் அந்த வாசலில் போய் உட்கார்ந்தார். துரத்தினார்களாம், டீ கொடுத்தார்களாம், ஏசியை நிறுத்தினார்களாம். எழுந்திருக்கவில்லை. தோணி அங்கேயே கிடந்து உளுத்துப் போனது. ஆட்கள் எல்லாரும் வீடு வந்து சேர்ந்தார்கள். சந்தனமேரி அக்கா தண்டலோடு ஆபீசுக்கு வந்து ஒரு டப்பா மக்ரூனை என் மேஜையில் வைத்தார். அன்றைக்குத்தான் அவர் அழுது பார்த்தேன்.

இதெல்லாம் ஒரு பக்கம். இன்னொரு பக்கம், இந்தக் கதையை நானே வீட்டில் வந்து சொன்னது. அன்றிலிருந்து என் மாமியார் தன் மகனைப் பெயர் சொல்லிக் குறிப்பிடுவதில்லை. "ஏளா, ஒன் ஆண்டவர் வந்துட்டாரு, கதவத் தொற" என்பார். அந்த ஆண்டவரும் எப்போதாவது, "ஒனக்கு நான் முக்கியமா, ஆபீஸ் முக்கியமா?" என்று குரலை உயர்த்துவார். நான் வாயே திறக்க வேண்டாம். படித்துக்கொண்டிருக்கும் என் மகள் புத்தகத்திலிருந்து தலையைத் தூக்காமலே சொல்லுவாள்:

"அப்பா, பாத்துப் பேசுங்க. நார்வேல இருந்து ஆளு கெளம்பிட்டாராம்."