வாயடைத்துப் போன கார்டு ரீடர்

மேனேஜர் தன் டிஜிட்டல் கையெழுத்துக் கார்டை மறுபடியும் ரீடரில் செருகினார். பச்சை விளக்கு எரிந்தது. திரை மட்டும் பழைய பல்லவியையே பாடியது: "கார்டு லைப்ரரி ஃபைல் கிடைக்கவில்லை."

"என்னய்யா இது? கார்டு இருக்கு, ரீடர் இருக்கு. இன்னும் என்ன வேணுமாம்?"

ஸ்டோர் கிளார்க் தன் கம்ப்யூட்டரைச் சுற்றிச் சுற்றி வந்தார். கார்டு சொல்வதைக் கம்ப்யூட்டருக்குப் புரியவைக்க நடுவில் ஒரு குட்டி ஃபைல் இருக்கிறதாம். அது இல்லையென்றால் இரண்டும் கோபித்துக்கொண்ட சம்பந்திகள் மாதிரி முகத்தைத் திருப்பிக்கொள்ளும்.

விண்ணப்பத்தில் மேனேஜரின் கார்டுக் கையெழுத்து மாலை ஐந்துக்குள் விழுந்தால்தான் கிளார்க்குக்குத் தலைமை அலுவலகத்துக்கு மாற்றல். அங்கே வேலை பார்க்கும் மனைவி, மகளோடு அந்த ஊரில். இவர் இங்கே ஒண்டிக்கட்டை. போன வாரம் மகள் தன் சிநேகிதியிடம், "இவருதான் எங்க ஞாயித்துக்கிழமை அப்பா" என்று அறிமுகம் செய்து வைத்ததிலிருந்து மனுஷனுக்குச் சோறு இறங்கவில்லை. கையெழுத்து விழுந்துவிட்டால் விண்ணப்பத்தைத் திரும்பப் பெற முடியாது. தவறினால் அடுத்த வருஷம்தான். மனைவியிடம் மூச்சுவிடவில்லை. ஆர்டரோடு வாசலில் போய் நின்று அசத்துவதாகத் திட்டம்.

சட்டைப் பையில் செல்போன் அதிர்ந்தது. மனைவிதான். மதியத்திலிருந்து விடாமல் அடித்துக்கொண்டிருந்தாள். எடுத்தால் குரலே காட்டிக்கொடுத்துவிடும். துண்டித்துவிட்டு, மேஜை போனில் தலைமை அலுவலக ஹெல்ப் டெஸ்க்கைக் கூப்பிட்டார்.

"பதறாதீங்க சார்," என்றார் ஹெல்ப் டெஸ்க்காரர். "உங்க கம்ப்யூட்டரை இங்கிருந்தே பாத்துக்கிட்டுத்தான் இருக்கேன். ஒரு விஷயம் சொல்லணும்..."

"விஷயமெல்லாம் அப்புறம் சார். ஃபைல் எங்க?"

"தேடணும். இப்ப மணி என்ன?"

"நாலு தாண்டிடுச்சு!"

"சரி, பொறுமையா தேடுவோம். நீங்க எதையும் தொடாதீங்க."

தொடாமல் இருக்க அவர் என்ன சாமியாரா? பென் டிரைவை எடுத்துக்கொண்டு அடுத்த அறைக்கு ஓடினார்.

"கேஷியரம்மா, உங்க மெஷின்ல கார்டு வேலை செய்யுதா?"

"ஜோரா செய்யுது. கண்ணு வைக்காதீங்க. கணக்கு முடிக்கிற நேரம், மெஷினைக் கேக்காதீங்க."

அந்த அம்மா தண்ணீர் குடிக்கப் போன நேரத்தில் வேலையை முடித்தார். அவசரத்தில் காப்பி எடுப்பதற்குப் பதிலாக ஃபைலை அப்படியே வெட்டி எடுத்துவிட்டார். தன் கம்ப்யூட்டரிலும் வெட்டி ஒட்டியே வைத்தார்; பென் டிரைவில் மிச்சம் எதுவுமில்லை. ஃபைல் உட்கார்ந்தது. கண்ணால் பார்த்தார். மேனேஜரைக் கூப்பிட வாயைத் திறந்தார். அதற்குள் ஃபைல் மாயமாகிவிட்டது.

"சார்! வச்ச ஃபைல் கண்ணெதிரே காணாமப் போச்சு!" என்று மேஜை போனில் கத்தினார்.

"அப்படியா?" என்றார் ஹெல்ப் டெஸ்க்காரர், பெரிதாக ஆச்சரியப்படாமல். "சில சமயம் அப்படி ஆகும். மணி என்ன சார்?"

அடுத்த அறையிலிருந்து ஓர் அலறல் வந்தது. "ஐயையோ, என் ரீடர் செத்துப்போச்சே!"

கேஷியரம்மா வந்து இடுப்பில் கை வைத்து நின்றார். அந்தப் பார்வைக்குப் பயந்து கிளார்க் தன் கம்ப்யூட்டரை அணைத்து மறுபடி போட்டார். அது பழிவாங்குவது போல, "அப்டேட் நடக்கிறது. அணைக்க வேண்டாம்" என்று சாவகாசமாக ஆரம்பித்தது.

"நான் கிளம்பணும்யா," என்று மேனேஜர் பையைத் தூக்கினார்.

"ஒரே ஒரு டீ சார்! என் செலவு!"

மேனேஜர் டீயைக் குடித்து முடித்தார். அப்டேட் பாதியைத் தாண்டவில்லை. மணி ஐந்து அடித்தது.

"மனசை விட்டுடாதய்யா. அடுத்த வருஷம் பாத்துக்கலாம்," என்று தோளைத் தட்டிவிட்டு மேனேஜர் போனார். கிளார்க் காலி டீ கிளாஸை எடுத்து ஓரமாக வைத்தார். ஞாயிற்றுக்கிழமை அப்பா, இன்னும் ஒரு முழு வருஷத்துக்கு.

செல்போன் மறுபடி அதிர்ந்தது. இனி மறைக்க என்ன இருக்கிறது? எடுத்தார்.

"ஏங்க, எத்தனை தடவைதான் அடிக்கிறது! எனக்கு உங்க ஊருக்கே மாத்தல் கிடைச்சிருச்சு. மத்தியானம் ஆர்டர் வந்தது. திங்கக்கிழமை நானும் பாப்பாவும் அங்க இருப்போம்!"

கிளார்க் நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்தார். கையெழுத்து மட்டும் விழுந்திருந்தால் திங்கட்கிழமை அவள் இங்கே, இவர் அங்கே! வயிற்றில் பால் வார்த்தது போல இருந்தது. சிரிப்பும் அழுகையுமாக எல்லாவற்றையும் கொட்டித் தீர்த்தார்.

"அந்த ஃபைல் காணாமப் போனதுக்குக் கோடி கும்பிடு போடணும்டி! எந்தப் புண்ணியமோ தெரியல!"

"சரி சரி, வீட்டைக் கூட்டி வையுங்க," என்று சிரித்துக்கொண்டே வைத்துவிட்டாள்.

மேஜை போன் அடித்தது. ஹெல்ப் டெஸ்க்காரர்.

"சார், அஞ்சு மணி ஆயிடுச்சில்ல, ஃபைலைத் திருப்பி வச்சுடட்டுமா? உங்க விண்ணப்பம் கையெழுத்துக்கு நிக்கிறதை இங்க ஆபீஸ்ல பாத்துட்டு, நீங்க போனையும் எடுக்கலைன்னதும், அதைத் தூக்கி ஒளிச்சு வைக்கச் சொன்னதே உங்க வீட்டம்மாதான்!"