மூடியில்லாத குழிக்கு முழுமையான பதில்

குடிமக்களின் குறை தீர்ப்பதில் கொலம்பியக் கடலோரத்துச் சாந்தா ப்ரீஹிதா நகராட்சிக்கு ஈடான அமைப்பு பூமியில் இல்லை. மனுவுக்கு அது பதில் சொல்லாவிட்டால் நீதிமன்றம் சும்மா விடாது. சொல்ல வைத்துவிட்டுத்தான் விடும்.

இந்தப் பாக்கியம் சோளமாவு அடைக்குள் முட்டை வைத்து அரெப்பா பொரித்து விற்கும் எடுவினாவுக்கு வாய்த்தது. அவள் வாசலெதிரே பாதாளச் சாக்கடையின் இரும்பு மூடியை யாரோ பெயர்த்துக்கொண்டு போய்விட்டார்கள். அவள் கணவர் உபால்தோவுக்குக் கண் தெரியாது. மாலையானால் கைத்தடியோடு அந்த வழியாகத்தான் டோமினோ ஆடப் போவார். புள்ளிகளை விரலால் தடவியே கண்ணுள்ளவர்களைத் தோற்கடித்துவிட்டுத் திரும்புவார்.

ஊர் வழக்கப்படி எடுவினா வேலியோர மத்தாரத்தோன் மரத்தில் ஒரு கிளையை வெட்டிக் குழிக்குள் நட்டாள். குழி இருக்கிறது, விலகிப் போ என்று அதற்குப் பொருள். பிறகு நகராட்சியில் மனு கொடுத்தாள். நகராட்சி மனுவுக்கு உரிய மரியாதையாக மௌனம் அனுஷ்டித்தது.

அவள் 'தூத்தேலா' போட்டாள். அடிப்படை உரிமைக்காக வக்கீல் இல்லாமலே எவரும் போடக்கூடிய வழக்கு அது. நாற்பத்தெட்டு மணி நேரத்தில் பதில் தரும்படி நீதிபதி ஆணையிட்டார். "தங்கள் மனு கிடைத்தது" என்று பதில் வந்தது. இது 'முழுமையான பதில்' அல்ல என்று வெகுண்ட நீதிபதி, மேயரை மூன்று நாள் வீட்டுக் காவலில் வைத்தார். மேயர் சொந்த வீட்டு வலைத்தூளியில் ஆடியபடி அந்தக் கொடுமையை அனுபவித்தார். அதன்பின் நகராட்சி அதிகாரி தோரிபியோ நேரில் வந்தார். அதிகாரி எவரானாலும் 'டாக்டர்' என்றழைப்பது அவ்வூர் மரியாதை.

"குழி எங்கம்மா?"

"இன்னும் ஒரு அடி எடுத்து வைங்க டாக்டர், தெரிஞ்சுடும்."

தோரிபியோ இரண்டடி பின்வாங்கினார். "இங்க மரம்தானே நிக்குது."

"மரமில்ல டாக்டர், கிளை. நான்தான் நட்டேன்."

"தழைச்சிருக்கே."

"நீங்க வர்ற வரைக்கும் அதுக்கு வேற என்ன வேலை?"

"பொது இடத்து மரம். அனுமதி இல்லாம கை வைக்கக் கூடாது. மரத்த எடுக்காம மூடி போட முடியாது."

"நானே பிடுங்கிடறேன்."

"பிடுங்கினா அபராதம்மா."

"நட்டதுக்கு?"

"பாராட்டு உண்டு."

வாசலில் உட்கார்ந்திருந்த உபால்தோ சிரித்தார். "எடுவினா, அவர் இஷ்டம்போல மரம்னே இருக்கட்டும். என் தடிக்குத் தட்டுப்பட்டாப் போதும்."

ஆனால் நகராட்சி அரைகுறையாக எதையும் செய்யாது. அனுமதி வாங்கியது. வாத்தியம் முழங்க மத்தாரத்தோனை வேரோடு எடுத்து ஊர்ச் சதுக்கத்தில் நட்டது. மூடி மட்டும் குடிநீர்த் துறையின் பொறுப்பு என்பதால் குழியை அது தொடவில்லை; பிற துறைகளின் அதிகாரத்தில் தலையிடாத அந்தப் பண்பு வணங்கத்தக்கது. எடுவினாவை மேடையேற்றி, 'பசுமைக் குடிமகள்' என்று மேயரே பட்டயம் தந்தார்.

அதே மாலை, எடுவினா மேடையிலிருந்து திரும்புமுன், மரம் போன சேதியை யாரும் சொல்லியிராத உபால்தோ டோமினோவுக்குக் கிளம்பினார். வழக்கமான இடத்தில் தடியை நீட்டிக் கிளையைத் தேடினார். தட்டுப்படவில்லை. குழி இன்னும் வரவில்லை என்று நினைத்து அடுத்த அடி வைத்தார்.

இடுப்பெலும்பு நொறுங்கிவிட்டது. இனி நடக்க மாட்டார் என்று மருத்துவர்கள் எழுதிக் கொடுத்தார்கள். அந்தச் சான்றோடும் பட்டயத்தோடும் எடுவினா மறுபடி நீதிமன்றம் ஏறினாள். தீர்ப்பைக் குமாஸ்தா நிறுத்தி நிதானமாக வாசித்தார்: "மனுதாரரின் கணவர் அவ்வழி நடப்பது ஆபத்து என்பதே குறை. அவர் இனி நடக்கப்போவதில்லை. எனவே குறை நீங்கியது. வழக்கு முடிக்கப்படுகிறது."

எடுவினா நகரவில்லை. "குழி அப்படியேதான இருக்கு?"

"அதுக்குப் புது மனு போடலாம்மா, தாராளமா போடலாம்" என்றார் குமாஸ்தா, மிகுந்த அக்கறையோடு பேனாவைத் திறந்தபடி. "அதுல விழறதுக்கு உங்க வீட்டுல இன்னும் யார் இருக்காங்க?"